தகடூர் யாத்திரையில் இலையும் விலையும்

சேலத்துக்கு வடக்கே, நாற்புறமும் குன்றுகள் காவல் நிற்கும் மேட்டுநிலத்தில் அமைந்திருக்கிறது தருமபுரி. சங்க காலத்தில் தகடூர் என்று வழங்கப்பெற்ற இவ்வூர், ஔவைக்கு நெல்லிக்கனி ஈந்த அதியமான் நெடுமான் அஞ்சியின் தலைநகர். நெடுங்காலம் சேலம் மாவட்டத்தின் பகுதியாக இருந்து, 1965-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் நாள் தனி மாவட்டமாயிற்று. 2004-இல் கிருஷ்ணகிரி தனியே பிரிந்தது. இன்றைய தருமபுரி மாவட்டம் க்ஷேத்திரப் பெருமையில் குறைந்ததன்று. கோட்டைக் கோயில், அதியமான்கோட்டை காலபைரவர், தீர்த்தமலை, ஒகேனக்கல் ஆகிய நான்கையும் இரண்டு நாள்களில் நிதானமாகத் தரிசித்துவிடலாம்.

இத்தகைய யாத்திரைக்குப் புறப்படும் குடும்பங்களில் நடை திறக்கும் நேரத்துக்கு அடுத்தபடியாக எழும் கேள்வி, ‘சாப்பாட்டுக்கு என்ன ஏற்பாடு?’ என்பதுதான். கேள்வி சிறியது, அதற்குள் அடங்கியிருப்பவை பல. ஓய்வூதியத்துக்குள் அடங்க வேண்டிய செலவு ஒரு பக்கம். வேளை தவறாமல் உட்கொள்ள வேண்டிய சர்க்கரை நோய், இரத்த அழுத்த மாத்திரைகள் மறுபக்கம். விரதம், ஆசாரம், வெங்காயம் பூண்டு விலக்கு என்பன வேறு. எல்லாவற்றுக்கும் மேலாக, இலையில் இட்ட அன்னத்தை எறியக் கை கூசும் தலைமுறை அது. அன்னத்தைப் பழித்தலும் புறக்கணித்தலும் ஆகாது என்பதைத் தைத்திரீய உபநிடதம் ஒரு விரதமாகவே விதிக்கிறது. ஆகவே வழியில் எங்கே, எதை, எவ்வளவு உண்பது என்பது காசைப் பற்றிய கணக்கு மட்டுமன்று. யாத்திரையின் ஒழுக்கத்தைச் சேர்ந்ததும் ஆகும்.

கோட்டைக் கோயிலில் காலை

தருமபுரி நகருக்குள்ளேயே இருக்கிறது கோட்டை ஸ்ரீகாமாக்ஷி அம்மன் சமேத மல்லிகார்ஜுன சுவாமி திருக்கோயில். இப்பகுதியை ஆண்ட நுளம்பர் காலக் கலைப்பணியை இங்கே காணலாம். மண்டபத்திலுள்ள தூணொன்று தரையில் முழுமையாகப் பதியாமல் நிற்பதால், அதன் அடியில் மெல்லிய துணியையோ தாளையோ நுழைத்து மறுபுறம் எடுத்துவிடலாம். ‘தொங்கும் தூண்’ என்று பெயர் பெற்ற இதைக் காண்பதற்கென்றே வருவோர் உண்டு. அம்பாள் சந்நிதியின் அடித்தளத்தைச் சுற்றிலும் இராமாயணக் காட்சிகள் சிறு சிறு சிற்பங்களாகச் செதுக்கப்பட்டிருக்கின்றன. அவற்றை நின்று பார்க்கக் கண்ணும் காலும் தெம்புடன் இருக்க வேண்டும். எனவே காலை உணவை மிகவும் தள்ளிப்போடாமல், தரிசனம் முடிந்த உடனேயே முடித்துக்கொள்வது முதியோருக்கு நலம்.

அதே நகரில் குமாரசாமிப்பேட்டையில் சிவசுப்பிரமணிய சுவாமி கோயில் கொண்டிருக்கிறார். தைப்பூசத் திருவிழாவில் பெண்களே வடம் பிடித்துத் தேர் இழுப்பது இத்தலத்தின் சிறப்பு. அந்த நாள்களில் நகரத்து உணவகங்களில் கூட்டம் மிகுந்திருக்கும். காலை எட்டு மணிக்கு முன்போ, பத்து மணிக்குப் பின்போ சென்றால் அமர இடம் கிடைக்கும். பரிமாறுவோரும் பொறுமையாகக் கவனிப்பர்.

நெடுஞ்சாலையில் எழுந்த புதிய சத்திரங்கள்

அக்காலத்தில் யாத்திரை வழிகளில் சத்திரங்கள் இருந்தன. மன்னரும் வணிகரும் கட்டிவைத்த அவற்றில் வழிநடைக்காரருக்குத் திண்ணையும் கிணறும் சோறும் கிடைத்தன. இன்று அவ்விடத்தைப் பெருமளவு நிரப்பியிருப்பவை, கிளைகள் பல பரப்பிய சைவ உணவகங்கள். உடுப்பி மடங்களின் சமையல் மரபைச் சார்ந்து தோன்றிய உடுப்பி ஹோட்டல்கள் இதற்கு முன்னோடி. 1981-இல் சென்னை கலைஞர் கருணாநிதி நகரில் தொடங்கிய சரவண பவன், இனிப்புக் கடையாக வேரூன்றிப் பின்னர் உணவகமாக வளர்ந்த அடையாறு ஆனந்த பவன் முதலிய நிறுவனங்கள், ஒரே சுவையைப் பல ஊர்களிலும் ஒரே வகையாகத் தர முடியும் என்பதை நிலைநாட்டின. பெங்களூரு–சேலம் தேசிய நெடுஞ்சாலையான 44-ஆம் எண் சாலை தருமபுரி மாவட்டத்தை வடக்கு தெற்காக ஊடறுத்துச் செல்கிறது. அச்சாலையில் பயணம் செய்வோர் இத்தகைய உணவகங்களை ஆங்காங்கே காணலாம்.

இவற்றில் விலை ஊருக்குள் இருக்கும் சிறு மெஸ்ஸைவிடக் கூடுதல் என்பதில் ஐயமில்லை. ஆயினும் அந்தக் கூடுதல் தொகை முழுவதும் உணவுக்கானதன்று. அகன்ற வண்டி நிறுத்துமிடம், முதியோர் அமரத்தக்க மேலைநாட்டுப் பாணிக் கழிப்பறை, கை கழுவத் தடையற்ற நீர், மின்விசிறி அல்லது குளிர்சாதன வசதி ஆகியவற்றுக்குமாகச் சேர்த்தே விலை கொடுக்கப்படுகிறது. முழங்கால் வலியுள்ள மூதாட்டி ஒருவர் உடன் வரும் பயணத்தில், தூய்மையான கழிப்பறைக்காக இருபது ரூபாய் அதிகம் போவது வீண் செலவாகாது. ஆனால் காபி மட்டும் அருந்துவதற்கு அதே இடத்தைத் தேடிச் செல்வது தேவையா என்பதை அன்பர்கள் எண்ணிப் பார்க்கலாம்.

‘காம்போ’ என்னும் தொகுப்பு

இவ்வுணவகங்களின் விலைப்பலகையில் முதலில் கண்ணில் படுபவை தொகுப்புகளே. காலையில் ‘மினி டிபன்’, நண்பகலில் ‘அளவுச் சாப்பாடு’, ‘முழுச் சாப்பாடு’, ‘ஸ்பெஷல் சாப்பாடு’, மாலையில் பலகாரமும் காபியும் சேர்ந்த ‘காம்போ’ எனப் பல பெயர்களில் அவை அமையும். தனித்தனியே வாங்குவதைவிடத் தொகுப்பாக வாங்கினால் மலிவு என்பது பொதுவாக உண்மை. அந்த மலிவு வாங்குபவரைச் சென்று சேர ஒரு நிபந்தனை உண்டு. தொகுப்பில் உள்ள எல்லாவற்றையும் அவர் உண்ண வேண்டும். உண்ண வல்லவராகவும் இருக்க வேண்டும்.

எடுத்துக்காட்டுக்காக ஒரு கணக்கு. ஒரு மினி டிபனில் இட்லி, பொங்கல், சிறிய மசால் தோசை, கேசரி, காபி ஆகிய ஐந்தும் அடங்கியிருப்பதாகவும், அதன் விலை 120 ரூபாய் என்றும் கொள்வோம். தனித்தனியே வாங்கினால் இவை 165 ரூபாய் ஆகும் என்றால், மேலோட்டமாகப் பார்க்க 45 ரூபாய் மிச்சம். ஆனால் உண்பவர் சர்க்கரை நோயாளி. 35 ரூபாய்க் கேசரியும் 30 ரூபாய்க் காபியும் அவருக்கு ஆகாது. அவருக்குப் பயன்படும் பண்டங்களின் விலை 100 ரூபாய்தான். அவற்றுக்கு 120 ரூபாய் கொடுக்கிறார். மிச்சம் என்று தோன்றியது 20 ரூபாய் நஷ்டமாக முடிகிறது. ‘காசு கொடுத்தாயிற்றே’ என்று கேசரியையும் உண்டுவிட்டாலோ, நஷ்டம் பணத்தோடு நிற்காது.

அதே மினி டிபன் வேறொருவருக்கு மிக்க லாபமாகும். பாட்டிக்கு இட்லியும் பேரனுக்குக் கேசரியும் தோசையும், மருமகளுக்குக் காபியும் பொங்கலும் எனப் பகிர்ந்துகொள்ளும் குடும்பத்தில் எதுவும் மீதமாவதில்லை. பல உணவகங்களில் முழுச் சாப்பாட்டை இருவர் பகிர்ந்துண்ண அனுமதிப்பதில்லை. அதற்கென அறிவிப்பும் வைத்திருப்பர். கேட்கும்போதெல்லாம் பரிமாறப்படும் சாப்பாடு அது என்பதால் அவ்விதி நியாயமானதே. மினி டிபன் போன்ற அளவு வரையறுத்த தட்டுகளுக்கு அத்தடை இருப்பதில்லை. காலியான தட்டு ஒன்றைக் கேட்டுப் பெற்றுக்கொள்ளலாம்.

ஐந்து பேர், ஓர் இலைக்கணக்கு

நண்பகல் உணவில்தான் பெரும்பாலான குடும்பங்களின் செலவு மிகுகிறது. மேசையில் அமர்ந்ததும் ஒருவர் ‘எல்லாருக்கும் சாப்பாடு’ என்று சொல்லிவிடுவார். மற்றவர் மறுக்க மாட்டார். தாத்தா, பாட்டி, மகன், மருமகள், சிறு பேரன் என ஐவர். முழுச் சாப்பாடு 150 ரூபாய் என்று வைத்துக்கொண்டால் ஐந்துக்கு 750 ரூபாய். ஐந்து விழுக்காடு சரக்கு சேவை வரி சேர, 787 ரூபாய் 50 காசு.

இதையே அவரவர் வயிற்றுக்கு ஏற்ப வகுத்துப் பார்க்கலாம். மகனுக்கும் மருமகளுக்கும் முழுச் சாப்பாடு, 300 ரூபாய். தாத்தாவுக்கு அளவுச் சாப்பாடு, 110 ரூபாய். பாட்டிக்குத் தயிர் சாதம், 70 ரூபாய். பேரனுக்குச் சாம்பார் இட்லி, 60 ரூபாய். ஆக மொத்தம் 540 ரூபாய். வரி 27 ரூபாய். கட்ட வேண்டியது 567 ரூபாய். 220 ரூபாய் 50 காசு மிச்சமாகிறது. விலைகள் ஊருக்கு ஊர் மாறும். வகுக்கும் முறை மாறாது. இதில் எவரும் வயிற்றை வாட்டிக்கொள்ளவில்லை என்பது கருதத்தக்கது. பாட்டி எப்படியும் சாம்பார் சாதத்தில் பாதியை ஒதுக்கியிருப்பார். பேரன் அப்பளத்தோடு எழுந்திருப்பான். மிச்சமான தொகை, குப்பைக்குச் சென்றிருக்க வேண்டிய அன்னத்தின் விலையே.

அந்த 220 ரூபாய் எங்கே செல்லலாம் என்பதற்கு விடை, யாத்திரையின் அடுத்த தலத்தில் காத்திருக்கிறது. அதற்கு முன் ரசீதைப் பற்றிச் சில சொற்கள்.

ரசீதை வாசிக்கும் பழக்கம்

உணவகங்களுக்கான சரக்கு சேவை வரி 2017-ஆம் ஆண்டு நவம்பர் 15 முதல் பொதுவாக ஐந்து விழுக்காடாக இருந்துவருகிறது. குளிர்சாதன அறை, சாதாரண அறை என்ற வேறுபாடு இவ்வரியில் இல்லை. பெரிய நட்சத்திர விடுதிகளுக்கு உரிய உயர்ந்த விகிதம் வழியோரச் சைவ உணவகங்களுக்குப் பொருந்தாது. ஆனால் குளிர்சாதன அறைக்கென்று உணவின் விலையையே கூட்டி வைத்திருப்பதுண்டு. ஆகவே அமரும் முன் எந்தக் கூடத்துக்கு எந்த விலைப்பட்டியல் என்று கேட்டறிதல் நன்று. நின்றுண்ணும் சுயசேவைப் பகுதியில் விலை குறைவாக இருக்கும். முதியோர் அமர அங்கே நாற்காலி இருக்கிறதா என்றும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

சிறு வணிகர்களுக்கான காம்போசிஷன் திட்டத்தில் பதிவு செய்துகொண்ட சிற்றுண்டிச் சாலைகள் வாடிக்கையாளரிடம் வரி வசூலிக்கலாகாது. அவை தம் பதிவு நிலையைக் கடையில் எழுதி வைத்திருக்க வேண்டும் என்பது விதி. அத்தகைய கடையின் ரசீதில் வரி தனியே ஏறியிருந்தால் பணிவாகக் கேட்கலாம்.

‘சேவைக் கட்டணம்’ என்பது வரியன்று. அதை ரசீதில் தானாகவே சேர்த்து வசூலிக்கலாகாது என்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022-ஆம் ஆண்டு ஜூலை 4-ஆம் நாள் வழிகாட்டு நெறிகளை வெளியிட்டது. அந்நெறிகளைத் தில்லி உயர் நீதிமன்றம் 2025 மார்ச் மாதம் உறுதிப்படுத்தியது. பரிமாறியவருக்கு மனமுவந்து ஏதேனும் கொடுப்பது வேறு. அது உண்டவரின் விருப்பம். மனவருத்தம் நேர்ந்தால், தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் முறையிடலாம். கோயிலுக்குப் போகும் வழியில் குரலை உயர்த்தவேண்டிய தேவையே இல்லை.

பணம் கட்டுமிடத்துக்கு அருகில் இனிப்பும் காரமும் கண்ணாடிப் பேழைகளில் அடுக்கப்பட்டிருக்கும். குழந்தை கைநீட்டும், பெரியவர் மறுக்கத் தயங்குவார். உண்ட உணவைவிட இங்கே வாங்கிய பொட்டலங்களின் தொகை மிகுந்துவிடுவதுண்டு. உறையிட்ட பண்டங்களில் அச்சிட்டிருக்கும் அதிகபட்ச விற்பனை விலை எல்லா வரிகளையும் உள்ளடக்கியது. அதன்மேல் வரி இல்லை. வீட்டுக்குக் கொண்டு செல்ல வேண்டுமானால், திரும்பும் வழியில் வாங்குவது சிக்கனம். புறப்படும்போது வாங்கியது வண்டியிலேயே தீர்ந்துவிடும்.

காலபைரவர் சந்நிதியும் அன்னதானப் பந்தியும்

தருமபுரியிலிருந்து சேலம் செல்லும் வழியில் சில கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது அதியமான்கோட்டை. இங்குள்ள தட்சிணகாசி காலபைரவர் திருக்கோயிலை அதியமான் எழுப்பியதாகத் தலவரலாறு கூறும். தேய்பிறை அஷ்டமி நாள்களில் தமிழகத்தின் பல பகுதிகளிலிருந்தும் கர்நாடகத்திலிருந்தும் பக்தர்கள் திரள்கின்றனர். சாம்பல் பூசணியை இரண்டாகப் பிளந்து விளக்கேற்றி வழிபடுவது இத்தலத்து வழக்கம். அதே ஊரில் சென்னராயப் பெருமாள் கோயிலும் இருக்கிறது. இதிகாசக் காட்சிகளைத் தீட்டிய அதன் பழைய ஓவியங்களைக் காணாமல் திரும்புவோர் ஒரு நல்ல காட்சியை இழந்தவராவர்.

அஷ்டமியன்று வரிசையில் நெடுநேரம் நிற்க நேரும். சர்க்கரை நோய்க்கு மருந்து கொள்வோர் வெறும் வயிற்றோடு வரிசையில் நிற்பது ஆபத்து. இரண்டு இட்லியோ, ஒரு வாழைப்பழமோ உண்டுவிட்டு நிற்பதைப் பைரவர் குற்றமாகக் கொள்ளமாட்டார். கூட்டம் வேண்டாதவர் வேறு நாளில் வந்தால் அமைதியாகத் தரிசிக்கலாம்.

தமிழகத் திருக்கோயில்களில் அன்னதானத் திட்டம் 2002-ஆம் ஆண்டு தொடங்கப்பெற்றது. திருவரங்கத்திலும் பழனியிலும் 2012 முதல் அது நாள் முழுவதும் நடைபெறும் அன்னதானமாக விரிந்தது. திட்டம் நடைபெறும் கோயில்களில் உச்சிக்கால வேளையில் பந்தி அமைகிறது. இதைத் தவிர, வேண்டுதல் நிறைவேறிய பக்தர்கள் தம் பொறுப்பில் அன்னம் வழங்குவதும் உண்டு.

வசதி படைத்தோர் அன்னதானப் பந்தியில் அமரலாமா என்ற தயக்கம் பலருக்கு உண்டு. ஒரு சாரார், ‘இலவசச் சோறு நமக்கெதற்கு’ என்று ஒதுங்குவர். மற்றொரு சாரார், ‘ஒரு வேளைச் செலவு மிச்சம்’ என்று முந்துவர். இரண்டுமே பிரசாதத்தின் தன்மையை உணராத பேச்சு. இறைவன் சந்நிதியில் படைக்கப்பெற்ற அன்னம் ஏழைக்கும் செல்வருக்கும் ஒன்றே. அதில் ஒரு பிடியேனும் ஏற்பது பேறு. அதே சமயம், பந்தியில் இடம் அளவானது. தொலைவிலிருந்து பசியோடு வந்தவர், கையில் காசில்லாதவர், அடுத்த வேளைக்கு வழி தெரியாதவர் முதலில் அமர வேண்டும். அவர்களுக்கு இடம் விட்டு, மீதம் இருக்குமானால் அமர்ந்து, வேண்டிய அளவே கேட்டு வாங்கி, ஒரு பருக்கையும் வீணாக்காமல் உண்டு எழுவதே முறை. எழுந்த பின் அன்னதான உண்டியலைக் கடந்து போகலாகாது. நெடுஞ்சாலை உணவகத்தில் மிச்சப்பட்ட 220 ரூபாய்க்கு இதைவிடச் சிறந்த இடம் வேறில்லை. ரசீது பெற்று நன்கொடை அளிக்க விரும்புவோர் கோயில் அலுவலகத்தை அணுகலாம்.

தீர்த்தமலையில் கட்டுச்சோறு

தருமபுரியிலிருந்து அரூர் வழியாகத் தீர்த்தமலை செல்லவேண்டும். அரூரிலிருந்து ஏறத்தாழ 16 கிலோமீட்டர். மலைமேல் தீர்த்தகிரீசுவரரும் வடிவாம்பிகையும் எழுந்தருளியிருக்கின்றனர். அருணகிரிநாதரின் திருப்புகழ் பெற்ற தலம். இராவண வதத்துக்குப் பின் இங்கே சிவபூசை செய்ய விரும்பிய இராமபிரான், கங்கை நீர் கொணரச் சென்ற அனுமன் வரத் தாமதமாகவே, அம்பெய்து பாறையிலிருந்து நீரை வரவழைத்தார் என்பது தலபுராணம். அந்த இராம தீர்த்தம் இன்றும் உயர்ந்த பாறையினின்று மெல்லிய இழையாக வீழ்கிறது. தாமதமாக வந்த அனுமன் வீசிய நீர் விழுந்த இடமே தென்பெண்ணையாற்றங்கரையில் உள்ள அனுமன் தீர்த்தம் என்பர். அகத்தியர், அக்கினி, கௌரி, குமாரர் ஆகியோர் பெயராலும் மலையில் தீர்த்தங்கள் உள்ளன.

மலையேற்றம் செங்குத்தானது. முதியோர் விடியற்காலையில் ஏறத் தொடங்கி, வெயில் முற்றுமுன் இறங்கிவிடுவது நலம். ஏற இயலாதோர் அடிவாரக் கோயிலில் வழிபடலாம். இங்கே பெயர் பெற்ற உணவகங்களையோ, காம்போக்களையோ எதிர்பார்த்துப் பயனில்லை. அரூரிலேயே உண்டுவிட்டு வரலாம். அல்லது பழைய வழக்கப்படி கட்டுச்சோறு கொண்டுவரலாம்.

கட்டுச்சோற்றுக்கு நிகரான மலிவு எந்த விலைப்பட்டியலிலும் இல்லை. நல்லெண்ணெய் தாராளமாக விட்டுக் கிளறிய புளியோதரை மறுநாள் வரை கெடாது. இம்மாவட்டத்தின் புளி பெயர் பெற்றது என்பதால், திரும்புகையில் வீட்டுக்கும் வாங்கிச் செல்லலாம். தயிர் சாதத்தைக் குழைய வடித்துப் பாலை மிகுதியாகவும் தயிரைச் சிறிதாகவும் கலந்து கொண்டுவந்தால் நண்பகல் வரை புளிக்காது. வாழையிலையோ மந்தாரையிலையோ உடன் எடுத்துவரலாம். ஒருமுறை பயன்படுத்தி எறியும் பிளாஸ்டிக் பொருள்களுக்குத் தமிழகத்தில் 2019 ஜனவரி 1 முதல் தடை இருக்கிறது.

மலைப்பாதையில் குரங்குகள் உண்டு. உணவுப் பொட்டலத்தைக் கையில் தெரியும்படி பிடித்துச் செல்வது ஆபத்து. பறிக்க வரும்போது முதியோர் தடுமாறி விழ நேரிடும். ஆகவே உணவை அடிவாரத்திலேயே வண்டியில் வைத்துவிட்டு, இறங்கிய பின் உண்பதே பாதுகாப்பு. மேலே செல்லும்போது தண்ணீரும் மருந்தும் மட்டும் மூடிய பையில் இருந்தால் போதும்.

மண்ணின் உணவு

தருமபுரி புஞ்சை மண். இங்கே கேழ்வரகும் சாமையும் தலைமுறை தலைமுறையாக உண்ணப்பட்டுவருகின்றன. நியாயவிலைக் கடைகளில் அரிசிக்கு மாற்றாக இரண்டு கிலோ கேழ்வரகு வழங்கும் திட்டம் 2023-இல் தருமபுரி, நீலகிரி மாவட்டங்களில் தொடங்கப்பட்டதும் இப்பின்னணியில்தான். சிற்றூர்ச் சாப்பாட்டுக் கடைகளில் களியும் கீரைக்கடைசலும் கேட்டு வாங்கி உண்ணலாம். விலையும் குறைவு, பசியும் நெடுநேரம் தாங்கும். பழக்கமில்லாதவர் ஓர் உருண்டையில் பாதியோடு நிறுத்திக்கொள்ளவேண்டும். கேழ்வரகு என்றதாலேயே சர்க்கரை நோயாளி அளவின்றி உண்ணலாம் என்பதில்லை. அதுவும் மாவுச்சத்தே.

விரதம் காப்போர் உணவகத்தில் கேட்டறிய வேண்டியவை சில. இட்லி குற்றமற்றது, அதனோடு வரும் சாம்பாரிலும் சட்டினியிலும் வெங்காயம் இருக்கக்கூடும். ரவா தோசையிலும் வெங்காயம் இருக்கலாம். இட்லிக்கு மிளகாய்ப் பொடியும் எண்ணெயும் கேட்டால் தருவர். கிளைகள் உடைய பெரிய உணவகங்களில் பக்குவம் முன்பே வரையறுக்கப்பட்டிருப்பதால் மாற்றிச் செய்து தருவது அரிது. சிறிய மெஸ்களில் முன்கூட்டிச் சொன்னால் செய்து தருவார்கள். இது விலைப்பலகையில் எழுதப்படாத ஒரு நன்மை.

தருமபுரிக்கு மேற்கே, பென்னாகரம் வழியாக ஏறத்தாழ 46 கிலோமீட்டரில் ஒகேனக்கல். காவிரி பாறைகளில் மோதிப் புகையெனத் தெறிப்பதால் கன்னடத்தில் ‘புகையும் கல்’ என்று பொருள்படும் பெயர் அமைந்தது. இங்கே தேசநாதேசுவரர் கோயில் இருக்கிறது. ஆடிப்பெருக்கன்று நீராடிக் காவிரியன்னையை வணங்கப் பெருங்கூட்டம் கூடும். அருவிப் பகுதியில் மீன் சமைத்து விற்போர் மிகுதி. ஆசாரம் காக்கும் குடும்பங்கள் பென்னாகரத்திலேயே உண்டு வருவதோ, கட்டுச்சோறு கொண்டு வருவதோ மனக்கசப்பைத் தவிர்க்கும். மாவட்டத்தின் இப்பகுதியிலுள்ள பாப்பாரப்பட்டியில்தான், பாரதமாதாவுக்குக் கோயில் எழுப்பக் கனவு கண்ட தியாகி சுப்பிரமணிய சிவா 1925-ஆம் ஆண்டு ஜூலை 23-ஆம் நாள் உயிர் நீத்தார். அவர் நினைவிடத்தில் ஒரு கணம் நின்று வணங்கிச் செல்லலாம்.

ஓட்டுநருக்கும் ஓர் இலை

வாடகை வண்டியிலோ வேனிலோ வருவோர் கருத்தில் கொள்ளவேண்டியது ஒன்று உண்டு. வழியில் எந்த உணவகத்தில் நிறுத்துவது என்பதைப் பெரும்பாலும் ஓட்டுநரே முடிவு செய்கிறார். பயணிகளை அழைத்து வரும் ஓட்டுநருக்குச் சில உணவகங்கள் இலவசமாக உணவு தருவது பரவலான வழக்கம். அதில் குற்றம் காண்பதற்கில்லை. ஆயினும் அவர் நிறுத்தும் இடம் பயணிகளுக்கும் ஏற்றதாக இருக்கும் என்பதற்கு உறுதியில்லை. புறப்படும்போதே, ‘தம்பி, உங்கள் சாப்பாடு எங்கள் பொறுப்பு; நாங்கள் சொல்லும் இடத்தில் நிறுத்துங்கள்’ என்று பெரியவர் ஒருவர் சொல்லிவிட்டால் இரு தரப்புக்கும் நலம். குடும்பம் உண்ணும் அதே உணவை, அதே நேரத்தில் அவருக்கும் அளிக்க வேண்டும். ஐந்து இலைக்குக் கணக்குப் பார்ப்போர் ஆறாவது இலையில் கணக்குப் பார்க்கலாகாது.

இதற்கு மற்றொரு காரணமும் இருக்கிறது. தருமபுரியிலிருந்து சேலம் செல்லும் சாலை தொப்பூர்க் கணவாயில் வளைந்து சரிந்து இறங்குகிறது. கனரக வண்டிகள் கட்டுப்பாடிழந்து விபத்துகள் பல நேர்ந்த இடம் அது. பசியோடு அவசரமாக ஓட்டுபவரும், வயிறு புடைக்க உண்டு கண் செருகுபவரும் அவ்விறக்கத்தில் ஆபத்தானவர்களே. நண்பகல் உணவை அளவோடு முடித்து, ஓட்டுநர் அரைமணி நேரம் கண்ணயர இடம் கொடுத்து, வெயில் தாழ்ந்த பின் கணவாயை இறங்குவது குடும்பம் முழுவதற்கும் காப்பு. அந்த அரைமணி நேரத்துக்கு எந்த ரசீதிலும் விலை போட முடியாது.

பகிர்ந்துண்டவன் நாடு

அதியமான் என்றதும் நெல்லிக்கனியே எல்லாருக்கும் நினைவில் எழும். அவன் இறந்தபின் ஔவையார் பாடிய கையறுநிலைப் பாட்டு ஒன்று புறநானூற்றில் இருக்கிறது. அதில் அவர் அம்மன்னனின் வெற்றிகளை முதலில் எடுத்துரைக்கவில்லை. சோறு சிறிதாக இருந்த நாளிலும் பலரோடு பகிர்ந்து உண்டான், பெரிதாக இருந்த நாளிலும் பலரோடு பகிர்ந்து உண்டான் என்றே சொல்லி அழுகிறார். வாழ்நாள் நீட்டிக்கும் கனியைக் கொடுத்தவனைப் பற்றி, கனியைவிடச் சோற்றை முன்வைத்து அவர் பேசுவது எண்ணத்தக்கது.

அவன் ஆண்ட மண்ணில் யாத்திரை செய்வோருக்கு உணவின் விலையை அளக்க இதைவிட நல்ல அளவுகோல் வேறெங்கும் கிடைக்காது. மலிவாகக் கிடைத்தது என்பதற்காக வேண்டாததை வாங்குவதும், விலை கொடுத்தாயிற்று என்பதற்காக வயிற்றை வருத்துவதும் லாபமன்று. உண்டது உடலுக்கு ஆக வேண்டும். இலையில் மீதம் இராமல் இருக்க வேண்டும். மிச்சப்பட்டதில் ஒரு பங்கு பசித்தவர் ஒருவருக்குச் சென்று சேர வேண்டும். இம்மூன்றும் பொருந்திய வேளையே நல்விலைக்குக் கிடைத்த வேளை.

கோட்டைக் காமாக்ஷி அன்னையும், காலபைரவரும், தீர்த்தகிரீசுவரரும் அன்பர்கள் அனைவருக்கும் குறைவற்ற அன்னமும் நோயற்ற உடலும் நல்கியருள்வார்களாக.